மாவு இல்லாத கேக், ஊர் இல்லாத மக்கள்

கேக் செய்ய என்னென்ன வேணும்? மைதா, வெண்ணெய், முட்டை, சர்க்கரை, கொஞ்சம் பேக்கிங் பவுடர். நம்ம ஊர் பேக்கரிக்காரர் யாரைக் கேட்டாலும் இந்த அஞ்சைத்தான் சொல்வார். இதில் மைதாவை எடுத்துடுங்க. வெண்ணெயை எடுத்துடுங்க. பேக்கிங் பவுடரையும் எடுத்துடுங்க. மிச்சம் இருப்பது முட்டையும் சர்க்கரையும். இதை வெச்சு ஆம்லெட் வேணா போடலாம், அதுவும் இனிப்பு ஆம்லெட். கேக் போட முடியுமா?

முடியும். மாவுக்குப் பதில் பொடித்த வால்நட் அல்லது பாதாம். உப்ப வைக்க, அடித்து நுரைத்த முட்டை வெள்ளை. மேலே ஆரஞ்சுச் சாறும் பட்டையும் கிராம்பும் போட்டுக் காய்ச்சிய பாகு. மத்திய ஐரோப்பாவில் இந்த மாதிரி கேக்குக்கு டோர்ட்டே என்று பெயர். நான் இதை முதலில் சாப்பிட்டது இங்கே என் அறைத்தோழன் வீட்டில், அவர்களுடைய பெசாக் பண்டிகை விருந்தில். ரெண்டு துண்டு சாப்பிட்ட பிறகுதான் இதில் மாவே இல்லை என்று சொன்னார்கள். அவனுடைய பாட்டி கையால் எழுதிய குறிப்பு அது.

இப்போதெல்லாம் இதே கேக்கை 'க்ளூட்டன் இல்லாதது' என்று சீட்டு ஒட்டி, விலையை இரட்டிப்பாக்கி விற்கிறார்கள். ஏதோ புது டயட் சமாசாரம் என்றுதான் யாரும் நினைப்பார்கள். ஆனால் இதில் ஒவ்வொரு பொருளுக்குப் பின்னாலும் ஒரு தடை இருக்கிறது. தடைகளைத் தாண்டிப் போனால் நாடு கடத்தல், விசாரணை மன்றம், முகாம் என்று கதை எங்கெங்கேயோ போகிறது. அந்தக் கதையைத்தான் எழுதப் போகிறேன். பொறுமை இல்லாதவர்கள் நேரே கடைசியில் இருக்கும் செய்முறைக்குப் போய்விடலாம், கோபித்துக்கொள்ள மாட்டேன் :-)

பதினெட்டு நிமிடம்

பெசாக் என்பது தமிழ் பைபிளில் வரும் பஸ்கா பண்டிகைதான். எகிப்தில் அடிமைகளாக இருந்த இஸ்ரவேலர்கள் மோசேயின் பின்னால் ஊரை விட்டுக் கிளம்பிய கதை தெரிந்திருக்கும். கிளம்பிய அவசரத்தில் பிசைந்த மாவு புளிக்கும் வரைக்கும் காத்திருக்க நேரமில்லை, புளிக்காத மாவையே அப்பமாகச் சுட்டார்கள் என்கிறது கதை. அதன் நினைவாக ஏழு நாள் (இஸ்ரேலுக்கு வெளியே பெரும்பாலும் எட்டு நாள்) புளித்த மாவுப் பண்டம் எதையும் யூதர்கள் சாப்பிடக் கூடாது. சாப்பிடக் கூடாது என்பது மட்டுமில்லை, வீட்டிலேயே இருக்கக் கூடாது. நம்ம வீடுகளில் போகிக்குச் சுத்தம் செய்வதெல்லாம் இதன் முன்னால் ஒன்றுமில்லை. அலமாரி மூலையில் கிடக்கும் ரொட்டித் துணுக்கு வரைக்கும் தேடி எடுத்து வெளியேற்றுவார்கள்.

கோதுமை, பார்லி, ரை, ஓட்ஸ், ஸ்பெல்ட் என்று ஐந்து தானியங்கள் கணக்கில் வரும். இந்த மாவில் தண்ணீர் பட்டு 18 நிமிடம் சும்மா கிடந்தால் அது புளிக்க ஆரம்பித்துவிட்டது என்பது விதி. அதனால் மாட்சா என்ற புளிக்காத அப்பத்தைத் தண்ணீர் விட்டுப் பிசைந்து, தேய்த்து, சுட்டு எடுப்பது எல்லாமே 18 நிமிடத்துக்குள் முடிய வேண்டும்.

"அப்போ மாட்சாவையே பொடித்து கேக் செய்யலாமே?" என்று கேட்பீர்கள். பலர் செய்கிறார்கள். ஆனால் ஹசிதிய யூதர்கள் பலர், சுட்ட மாட்சாவிலும் வேகாத மாவு எங்காவது ஒட்டியிருந்து, ஈரம் பட்டால் புளிக்கலாமே என்று அஞ்சி, நனைந்த மாட்சாவைப் பண்டிகையின் முதல் ஏழு நாளும் தொட மாட்டார்கள். விருந்துக்கு யார் வருவார்கள், அவர்கள் எந்தப் பிரிவு என்று தெரியாத வீட்டில் வம்பில்லாத பொருள் கொட்டை வகைகள்தான். பாதாமும் வால்நட்டும் தானியம் இல்லையே.

மைதா போன கதை இது. வெண்ணெய் போன கதை வேறு. பாலையும் இறைச்சியையும் ஒரே சாப்பாட்டில் சேர்க்கக் கூடாது என்பது யூத உணவு விதி. பெசாக் விருந்தில் பெரும்பாலும் இறைச்சி இருக்கும். அதன் பிறகு வரும் இனிப்பில் வெண்ணெய், பால், க்ரீம் எதுவும் இருக்க முடியாது. ஆனால் கொழுப்பு இல்லாத கேக் காய்ந்து போன பஞ்சு மாதிரி இருக்கும். அந்த இடத்தையும் கொட்டைதான் நிரப்புகிறது. நூறு கிராம் வால்நட்டில் சுமார் 65 கிராம் கொழுப்பு, பாதாமில் சுமார் 50. மாவும் அதுவே, வெண்ணெயும் அதுவே.

பேக்கிங் பவுடர் மட்டும் என்ன பாவம் செய்தது? கடையில் விற்கும் சாதாரண பேக்கிங் பவுடரில் சோள மாவு கலந்திருக்கும். சோளம் அந்த ஐந்து தானியங்களில் இல்லை. ஆனாலும் கிழக்கு, மத்திய ஐரோப்பாவின் அஷ்கெனாசி யூதர்கள் அரிசி, சோளம், பருப்பு வகைகளையும் இந்தப் பண்டிகையில் தவிர்ப்பது பழைய வழக்கம். அதே காரணத்தால் கடையில் வாங்கும் ஐசிங் சர்க்கரைக்கும் தடை, அதிலும் சோள மாவு உண்டு. கேக் மேலே வெள்ளை ஐசிங்குக்குப் பதில், அடுப்பில் காய்ச்சிய பழச்சாற்றுப் பாகு வந்தால் இந்தச் சிக்கலே இல்லை. (உருளைக்கிழங்கு மாவு சேர்த்த பெசாக் பேக்கிங் பவுடர் இப்போது கடைகளில் கிடைக்கிறது. பாட்டிகள் அதைச் சட்டை செய்வதில்லை.)

யோசித்துப் பார்த்தால், பேக்கிங் பவுடரே ரொம்பப் பிற்காலத்துச் சரக்கு. பர்மிங்காம் நகரத்து ஆல்ஃபிரட் பேர்ட் 1843-இல் தன் மனைவிக்கு ஈஸ்ட் ஒத்துக்கொள்ளவில்லை என்று ஒன்றைச் செய்தார், அங்கிருந்துதான் கதை ஆரம்பம். அதற்கு முன்னால் கேக் உப்ப வேண்டுமென்றால் ஈஸ்ட், இல்லையென்றால் கை வலிக்க அடித்த முட்டை. பெசாக்கில் ஈஸ்ட் போட்ட மாவுக்கு வழியில்லை. ஆக முட்டை.

வெள்ளைக்கருவை அடிக்கும்போது அதன் புரதச் சுருள்கள் பிரிந்து, காற்றுக் குமிழிகளைச் சுற்றி வலை பின்னுகின்றன. சர்க்கரை அந்த வலையை உறுதியாக்குகிறது. அடுப்பில் காற்று விரிந்து கேக்கைத் தூக்கும், முட்டை வெந்து அந்த உயரத்தைப் பிடித்து வைக்கும். கோதுமை மாவின் இழுவை இல்லாததால் ஆறும்போது நடுவில் கொஞ்சம் அமுங்கும். அந்தப் பள்ளத்தில்தான் பாகு போய்த் தங்குகிறது. சாப்பிடும்போது நடுத் துண்டுக்குத்தான் எப்போதும் போட்டி.

மத்திய ஐரோப்பாவில் அது வால்நட், ஹேஸல்நட். மத்தியதரைக் கடல் பக்கம் போனால் பாதாமும் ஆரஞ்சும். இந்தப் பாதாம்–ஆரஞ்சு கேக்கைப் பற்றி எங்கே படித்தாலும் ஒரு வரி இருக்கும்: '1492-இல் ஸ்பெயினிலிருந்து துரத்தப்பட்ட யூதர்கள் கொண்டு வந்தது.' அது எவ்வளவு தூரம் உண்மை?

சமையலறையில் ஒற்றர்கள்

1492 மார்ச் 31-ஆம் தேதி ஸ்பெயினின் பெர்டினாண்டும் இசபெல்லாவும் ஓர் ஆணை போட்டார்கள். ஜூலை முடிவதற்குள் யூதர்கள் எல்லாரும் மதம் மாற வேண்டும், இல்லையென்றால் நாட்டை விட்டுப் போக வேண்டும். போகிறவர்கள் தங்கம், வெள்ளி, நாணயம் எதையும் எடுத்துப் போகக் கூடாது. சில நாள் கழித்து, ஆகஸ்ட் 3-ஆம் தேதி, கொலம்பஸ் கிளம்பினார். பள்ளிக்கூடத்தில் அந்த வருடத்தைப் பற்றி நாம் படித்தது இந்த ரெண்டாவது விஷயத்தை மட்டும்தான்.

போனவர்கள் போர்ச்சுகல், வட ஆப்பிரிக்கா, துருக்கியரின் ஒட்டோமான் பேரரசு என்று சிதறினார்கள். போர்ச்சுகலுக்குப் போனவர்களுக்கு அஞ்சு வருடம்தான் நிம்மதி, 1497-இல் அங்கேயும் கட்டாய மதமாற்றம். ஸ்பெயினில் தங்கி ஞானஸ்நானம் வாங்கிக்கொண்டவர்கள் மேல் இன்க்விசிஷன் என்ற மத விசாரணை மன்றத்தின் கண் இருந்தது. மேலுக்குக் கிறிஸ்தவர், உள்ளுக்குள் யூதர் என்று எப்படிக் கண்டுபிடிப்பது? மனசுக்குள் எட்டிப் பார்க்க முடியாது, சமையலறைக்குள் எட்டிப் பார்க்கலாம்.

பார்த்தார்கள். பன்றிக் கொழுப்புக்குப் பதில் எண்ணெயில் சமைக்கிறாளா, இறைச்சியிலிருந்து கொழுப்பை நறுக்கி எறிகிறாளா, வெள்ளிக்கிழமையே அடுப்பேற்றி சனிக்கிழமைக்குக் கொண்டைக்கடலைக் குழம்பு வைக்கிறாளா, ஈஸ்டர் சமயத்தில் புளிக்காத அப்பம் சுடுகிறாளா. வீட்டு வேலைக்காரர்களும் அக்கம்பக்கத்தாரும் வந்து சாட்சி சொன்னார்கள். மன்றத்தின் எழுத்தர்கள் ஒன்று விடாமல் எழுதிக்கொண்டார்கள். ஒரு சமையல் குறிப்பு, குற்றப்பத்திரிகையில் ஆதாரமாக நின்றது.

இதில் ஒரு விசித்திரம். அந்த விசாரணைக் காகிதங்கள் ஆவணக் காப்பகங்களில் தப்பிப் பிழைத்தன. டேவிட் கிட்லிட்ஸ், லிண்டா கே டேவிட்சன் என்ற தம்பதி அந்தச் சாட்சியங்களைப் படித்து, அந்த வீடுகளில் என்ன சமைத்திருப்பார்கள் என்று மீட்டெடுத்து 1999-இல் ஒரு சமையல் புத்தகமாகவே போட்டார்கள். அந்தப் பெண்களே எழுதி வைத்திருந்தால் எரித்திருப்பார்கள். எரிக்க நினைத்தவர்கள் எழுதியதால் மிஞ்சியது.

ஆரஞ்சு சொல்லும் சாட்சி

ஆக ஸ்பெயின் யூதர்கள் பாதாமும் முட்டையும் சேர்த்து இனிப்பு செய்திருக்க எல்லா வாய்ப்பும் உண்டு, பாதாம் அந்த மண்ணில் விளைவது. ஆனால் ஆரஞ்சு? அங்கேதான் '1492 கேக்' கதை இடிக்கிறது.

அரேபியர்கள் ஸ்பெயினுக்குக் கொண்டு வந்தது கசப்பு ஆரஞ்சு, மர்மலேட் செய்வார்களே, அது. நாம் உரித்துச் சாப்பிடும் இனிப்பு ஆரஞ்சு ஐரோப்பாவில் பரவியது பதினைந்தாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலும் பதினாறாம் நூற்றாண்டிலும்தான். பரப்பியதில் போர்த்துக்கீசியருக்குப் பெரிய பங்கு. இதற்கு ஆவணக் காப்பகத்துக்கே போக வேண்டாம், பழக்கடைக்குப் போனால் போதும். அரபியில் ஆரஞ்சுக்குப் பெயர் புர்த்துகால். துருக்கியில் போர்த்தகால். கிரேக்கத்தில் போர்த்தொகாலி. எல்லாம் போர்ச்சுகல்தான்! ஸ்பெயினிலிருந்து அகதிகள் துருக்கிக்கும் சிரியாவுக்கும் போய்ச் சேர்ந்த காலத்தை ஒட்டித்தான் இந்தப் பழமும் அந்தப் பக்கம் போயிருக்கிறது. ஆகவே இந்தக் கேக் ஸ்பெயினில் முழுசாகச் செய்து மூட்டையில் கட்டி எடுத்து வந்தது இல்லை. பாதாமும் கைப்பழக்கமும் ஸ்பெயினிலிருந்து, இனிப்பு ஆரஞ்சு வழியில் சேர்ந்துகொண்டது. அகதிகளின் சமையல் அப்படித்தான் இருக்கும். போன ஊரில் கிடைத்ததைச் சேர்த்துக்கொண்டே போகும்.

ஆரஞ்சு என்ற சொல்லும் நம்ம பக்கத்துச் சொல்தான். ஸ்பானிய நரஞ்ஹா, அரபி நாரஞ்ச், பாரசீக நாரங், சமஸ்கிருத நாரங்க என்று பின்னாலேயே போனால், அதன் மூலம் ஒரு திராவிடச் சொல்லாக இருக்கலாம் என்று மொழியியலாளர்கள் பலர் சொல்கிறார்கள். நம்ம நாரத்தங்காயை நினைத்துக்கொள்ளுங்கள், போதும். ஊறுகாய் ஜாடியிலிருந்து உலகம் சுற்றிய சொல்.

பட்டையும் கிராம்பும்

மேலே ஊற்றும் பாகில் பட்டையும் கிராம்பும் போடுகிறோம் இல்லையா, அதற்கும் இந்த விசாரணை மன்றத்துக்கும் ஒரு தொடர்பு உண்டு. அது நம்ம கடற்கரையில் நடந்தது.

கார்சியா த ஓர்த்தா. போர்த்துக்கீசிய மருத்துவர். பெற்றோர் ஸ்பெயினிலிருந்து துரத்தப்பட்டு, போர்ச்சுகலில் கட்டாய மதமாற்றத்துக்கு ஆளான யூதர்கள். 1534-இல் அவர் இந்தியாவுக்குக் கப்பலேறினார், கோவாவில் குடியிருந்தார். இந்தியாவின் மருந்துச் சரக்குகளையும் வாசனைப் பொருட்களையும் பற்றி அவர் எழுதிய உரையாடல் வடிவிலான புத்தகம் 1563-இல் கோவாவிலேயே அச்சானது. இந்தியாவில் அச்சான ஆரம்பகாலப் புத்தகங்களில் அதுவும் ஒன்று. பட்டை, கிராம்பு, ஏலக்காய், மிளகு ஒவ்வொன்றுக்கும் தனி அத்தியாயம். இலங்கைப் பட்டைதான் உயர்ந்தது என்று எழுதியிருக்கிறார் (சரிதான்!). நாலே வருடத்தில் லத்தீனில் சுருக்கப்பட்டு ஐரோப்பா முழுக்கப் போனது. பட்டையும் கிராம்பும் உண்மையில் எந்த ஊர் மரத்திலிருந்து வருகின்றன என்று ஐரோப்பியப் படிப்பாளிகள் தெளிவாகத் தெரிந்துகொண்டதில் அந்தப் புத்தகத்துக்குப் பங்கு உண்டு.

இதற்கு நடுவில் 1560-இல் கோவாவிலும் இன்க்விசிஷன் வந்துவிட்டது. ஓர்த்தா 1568-இல் இறந்தார். மறு வருடமே அவருடைய சகோதரி கத்தரீனாவை, ரகசியமாக யூத மதத்தைப் பின்பற்றினார் என்று சொல்லி, உயிரோடு எரித்தார்கள். 1580-இல் ஓர்த்தாவின் எலும்புகளைக் கல்லறையிலிருந்து தோண்டி எடுத்து, அதையும் எரித்தார்கள். செத்து பன்னிரண்டு வருடம் கழித்து!

அவர் இறந்த அதே 1568-இல்தான், மேற்குக் கரையில் இன்னும் தெற்கே, கொச்சியில் பரதேசி யூத ஜெப ஆலயம் கட்டப்பட்டது. கட்டியவர்களில் ஸ்பெயின், போர்ச்சுகல் பக்கத்திலிருந்து வந்த யூதர்களும் உண்டு. கொச்சி ராஜா தன் அரண்மனையை ஒட்டியே இடம் கொடுத்தார். இன்றைக்கும் மட்டாஞ்சேரிக்குப் போனால் பார்க்கலாம், சுற்றிலும் மசாலாக் கடைகள். ஒரே கடற்கரை, ஒரே பட்டை, ஒரே கிராம்பு, ஓர் ஊரில் எரிப்பு, இன்னோர் ஊரில் அடைக்கலம். கோவாவின் இன்க்விசிஷன் ஒருவழியாக மூடப்பட்டது 1812-இல்.

ஒரு பெட்டி

லண்டனில் 1846-இல், ஒரு சீமாட்டி தொகுத்தது என்று மட்டும் போட்டு, பெயர் சொல்லாமல் ஒரு சமையல் புத்தகம் வந்தது. ஆங்கிலத்தில் வந்த முதல் யூத சமையல் புத்தகம். எழுதியவர் ஜூடித் மான்டஃபியோரி என்பது இன்றைய ஆய்வாளர்களின் கருத்து. அதில் போலா டொலீடோ என்று ஓர் இனிப்பு இருக்கிறது. டொலீடோ ஸ்பெயினின் நகரம். மூன்றரை நூற்றாண்டுக்கு முன்னால் விட்டு வந்த ஊரின் பெயரை லண்டன் சாப்பாட்டு மேஜையில் சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

கொஞ்சம் தாவி 1956-க்கு வருவோம். சூயஸ் கால்வாயை நாசர் தேசியமயமாக்கினார், பிரிட்டன், பிரான்ஸ், இஸ்ரேல் மூன்றும் எகிப்தைத் தாக்கின. அதன் பலனை அனுபவித்தவர்கள் எகிப்தில் தலைமுறைகளாக இருந்த யூதர்கள். சில மாதங்களில் சுமார் 25,000 பேர் வெளியேறினார்கள். சொத்து போனது. ஒரு பெட்டி, சொற்பப் பணம், திரும்பி வர மாட்டேன் என்று ஒரு கையெழுத்து. பலருக்கு அவ்வளவுதான்.

கெய்ரோவில் 1936-இல் பிறந்த கிளாடியா ரோடன் அப்போது லண்டனில் ஓவியம் படித்துக்கொண்டிருந்தார். ஆமாம், அவரும் வெளிநாட்டில் படிக்கப் போன பிள்ளைதான். பெற்றோர் எல்லாவற்றையும் விட்டுவிட்டு லண்டன் வந்து சேர்ந்தார்கள். பின்னாலேயே சொந்தக்காரர்களும் தெரிந்தவர்களும், வேறு ஏதோ ஒரு தேசத்துக்குப் போகும் வழியில். இனி எப்போது பார்ப்போமோ என்று தெரியாத நிலையில் எல்லாரும் ஒருவரை ஒருவர் கேட்டது சமையல் குறிப்பு. அங்கே அது பெரும்பாலும் அம்மாவிடமிருந்து மகளுக்கு வாய்வழியாகப் போனது. குடும்பமே நாலு நாட்டுக்குப் பிரிந்தால் வாய்வழி அறுந்துபோகும் இல்லையா? ரோடன் எழுத ஆரம்பித்தார். 1968-இல் மத்தியக் கிழக்கு உணவு பற்றிய அவருடைய முதல் புத்தகம் வந்தது.

அந்தப் புத்தகத்தில்தான் அந்த ஆரஞ்சு–பாதாம் கேக் இருக்கிறது. ரெண்டு ஆரஞ்சை முழுசாக, தோலோடு, ரெண்டு மணி நேரம் போல வேக வைத்து, விதையை எடுத்துவிட்டு அரைக்க வேண்டும். ஆறு முட்டை, அரை பவுண்டு பாதாம் பொடி, அரை பவுண்டு சர்க்கரை. இன்றைக்கு உலகம் முழுக்க காபிக் கடைகளில் விற்கும் மாவில்லாத ஆரஞ்சு கேக்குகளில் பெரும்பாலானவற்றுக்கு இதுதான் தாய்.

எகிப்திலிருந்து அவசரமாகக் கிளம்பிய முன்னோர்களின் நினைவாக மாவு இல்லாமல் கேக் செய்கிறார்கள். அந்தக் கேக்கை உலகத்துக்கு எழுதிக் கொடுத்தது, எகிப்திலிருந்து அவசரமாகக் கிளம்பிய ஒரு குடும்பத்துப் பெண். யாராவது கதையாக எழுதியிருந்தால் ரொம்ப சினிமாத்தனமா இருக்குன்னு சொல்லியிருப்பேன்.

வாயால் சமைத்தவர்கள்

டோர்ட்டேக்குத் திரும்பி வர வேண்டும், அதாவது வால்நட்டும் ஹேஸல்நட்டும் போடும் மத்திய ஐரோப்பாவுக்கு. வியன்னா, பிராக், புதாபெஸ்ட் நகரங்களின் யூத வீடுகளில் டோர்ட்டே செய்யத் தெரியாத பெண் குறைவு. அந்தப் பெண்கள் பலரை நாஜிகள் கொண்டுபோய் அடைத்த இடங்களில் ஒன்று தெரேசியன்ஷ்டாட், இன்றைய செக் குடியரசில் இருக்கிறது. 1941 முதல் 1945 வரை சுமார் 1,40,000 பேர் அங்கே கொண்டுவரப்பட்டார்கள். சுமார் 33,000 பேர் அங்கேயே இறந்தார்கள், பெரும்பாலும் பசி, நோய். ஏறக்குறைய 88,000 பேர் அங்கிருந்து ஆஷ்விட்ஸ் போன்ற கொலை முகாம்களுக்கு அனுப்பப்பட்டார்கள்.

அங்கே பட்டினி கிடந்த பெண்கள் இரவில் படுத்துக்கொண்டு சமையலைப் பற்றிப் பேசுவார்களாம். முட்டை எத்தனை, கொட்டையை எப்படிப் பொடிப்பது, பாகு எந்தப் பதம் என்று சண்டை கூடப் போடுவார்களாம். அதற்கு அவர்கள் வைத்திருந்த பெயர், வாயால் சமைப்பது. மீனா பெக்டர் என்ற வயதான பெண்ணும் அவருடைய தோழிகளும் அந்தக் குறிப்புகளைக் கிடைத்த காகிதத்தில் எழுதி, கையால் தைத்து ஒரு நோட்டாக்கினார்கள். டோர்ட்டே, கேக், உருண்டை என்று பக்கத்துக்குப் பக்கம் இனிப்பு. சில குறிப்புகளில் ஏதாவது ஒரு பொருள் விட்டுப்போயிருக்கிறது, சிலவற்றில் செய்யும் வரிசை குழம்பியிருக்கிறது. பசியில் எழுதிய கை அது.

மீனா 1944-இல், யூதர்கள் உபவாசம் இருக்கும் யோம் கிப்பூர் நாளில், அங்கேயே இறந்தார். அதற்கு முன் நோட்டை ஒரு நண்பரிடம் கொடுத்து, பாலஸ்தீனத்தில் இருக்கும் என் மகளிடம் சேர்த்துவிடு என்று சொல்லியிருந்தார். அவரிடம் முகவரி இல்லை. நோட்டு கை மாறிக் கை மாறி, நாடு மாறி, மகள் ஆனி ஷ்டேர்ன் நியூயார்க்கில் இருக்கிறார் என்று தெரிந்து அவர் கைக்குப் போய்ச் சேர்ந்தது 1969-இல். இருபத்தஞ்சு வருடம் கழித்து அம்மாவின் கையெழுத்து. முதலில் அவருக்குப் படிக்கும் தைரியமே வரவில்லை, மூடி எடுத்து வைத்துவிட்டார். 1996-இல் காரா டி சில்வா பதிப்பித்து அது புத்தகமாக வந்தது.

அதைச் சமையல் புத்தகம் என்று சொல்லி அடுப்படியில் வைக்க முடியாது. முட்டையே கிடைக்காத இடத்தில் முட்டைக் கணக்கு எழுதியவர்கள், அடுத்த வாரம் செய்து பார்க்க எழுதவில்லை. எங்களுக்கு ஒரு வீடு இருந்தது, அதில் மேஜை இருந்தது, விருந்தாளிகள் வந்தார்கள், இப்படித்தான் உபசரித்தோம் என்று எழுதி வைத்தார்கள். ஸ்பெயினில் சமையல் குறிப்பை எதிர்த்தரப்பு ஆதாரமாக எடுத்து எரித்தது. இங்கே அதே சமையல் குறிப்பு, எரிக்கப்பட்டவர்களின் தரப்புச் சாட்சி. வரலாறு என்றாலே ராஜாக்களின் கல்வெட்டும் ஒப்பந்தங்களும்தான் என்று நினைத்துக்கொண்டிருந்தவனுக்கு, ஒரு தைத்த நோட்டு ரொம்ப பாடம் சொல்லிக் கொடுத்தது.

செய்முறை

சரி, இவ்வளவு படித்தவர்களுக்குக் கேக் கொடுக்காமல் அனுப்பினால் நியாயமில்லை. நான் இங்கே செய்வது இப்படி.

200 கிராம் வால்நட் (பாதாமும் பாதிக்குப் பாதி போடலாம்). லேசாக வறுத்து, ஆற வைத்து, மிக்ஸியில் ரெண்டு ஸ்பூன் சர்க்கரையோடு விட்டு விட்டுப் பொடிக்கவும். ஒரேயடியாக ஓட்டினால் எண்ணெய் விட்டுத் துவையல் ஆகிவிடும். 6 முட்டை, மஞ்சள் தனி, வெள்ளை தனி. வெள்ளையில் ஒரு சொட்டு மஞ்சள் கூடக் கூடாது, பாத்திரத்தில் எண்ணெய்ப் பிசுக்கும் கூடாது, நுரை எழும்பாது. மஞ்சள் கருவோடு 100 கிராம் சர்க்கரை சேர்த்து வெளுத்து வரும் வரை அடித்து, ஓர் ஆரஞ்சின் தோல் துருவல் (வெள்ளைப் பகுதி வேண்டாம், கசக்கும்), ஒரு சிட்டிகை உப்பு, கொட்டைப் பொடி எல்லாம் கலக்கவும். வெள்ளைக்கருவைத் தனியாக 50 கிராம் சர்க்கரையோடு, பாத்திரத்தைக் கவிழ்த்தாலும் விழாத பதத்துக்கு அடிக்கவும். அதை மூன்று தடவையாக, அடியிலிருந்து மேலாக மெதுவாகப் புரட்டிச் சேர்க்கவும். வேகமாகக் கலக்கினால் அடைத்த காற்றெல்லாம் போய்விடும். அடியில் காகிதம் போட்ட வட்டத் தட்டில் ஊற்றி, 175 டிகிரி செல்சியஸில் 40 முதல் 45 நிமிடம். தட்டிலேயே ஆறட்டும்.

பாகுக்கு ரெண்டு ஆரஞ்சின் சாறு, அரை எலுமிச்சை, 100 கிராம் சர்க்கரை, ஒரு துண்டு பட்டை, மூன்று கிராம்பு. கொதித்து, விரலில் தொட்டுப் பார்த்தால் ஒரு கம்பிப் பதத்துக்குக் கொஞ்சம் முந்தி இறக்கி வடிகட்டவும். அம்மா குலாப் ஜாமூனுக்கு வைக்கும் பாகு கண்ணில் இருந்தால் போதும், இது அதைவிடச் சற்றுக் கெட்டி. கேக்கைக் குச்சியால் அங்கங்கே குத்தி, பாகை ஸ்பூனால் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றவும். நடுவில் இருக்கும் பள்ளத்தை மறக்க வேண்டாம்.

பட்டை வாங்கும்போது கவனம். இங்கே சூப்பர் மார்க்கெட்டில் சின்னமன் என்று விற்பதில் பெரும்பகுதி கேசியா என்ற தடித்த பட்டை. இந்தியக் கடை, இலங்கைக் கடை பக்கம் போனால் சுருட்டுச் சுருட்டாக, காகிதம் மாதிரி மெல்லிசாக ஒன்று கிடைக்கும். ஓர்த்தா சொன்னது அதைத்தான். விலை கொஞ்சம் கூட. வாங்கலாம், தப்பில்லை.

செய்த அன்றைக்கே வெட்டாதீர்கள். ஒரு ராத்திரி மூடி வைத்தால் பாகு உள்ளே இறங்கி, மறுநாள்தான் ருசி பேசும். நாலு நாள் கெடாது. எங்கள் விடுதியில் நாலு நாள் இருந்ததாகச் சரித்திரம் இல்லை.